‘திருந்தினார்’ என்று எழுதலாமா? நீலப் படங்களிலிருந்து சுயாதீன சினிமாவுக்கு வந்தவர்களைப் பற்றி

பனிமலை (ஹட்டன்):

சென்ற ஞாயிற்றுக்கிழமை இலங்கை மலையகத்தின் ஹட்டனில் நாங்கள் பதினெட்டுப் பேர் கூடி, ஜேர்மனியத் துருக்கிய இயக்குநர் ஃபாத்தி அகின் எடுத்த ‘கேகன் டி வாண்ட்’ என்ற படத்தைத் தமிழ்த் துணைத்தலைப்புகளோடு பார்த்தோம். துணைத்தலைப்புகளை நான் மூன்று மாதமாக இரவில் உட்கார்ந்து எழுதியிருந்தேன். படம் முடிந்து விளக்கைப் போட்டதும் எழுந்த முதல் கேள்வி கதையைப் பற்றியதாக இருக்கவில்லை. கையடக்கத் தொலைபேசியில் நடிகையின் பெயரைத் தேடிப் பார்த்த ஒருவர், “இவர் முன்பு நீலப் படத்தில் நடித்தவராமே, பிறகு திருந்தி வந்தாரா?” என்று கேட்டார். அதன் பின்னர் அந்த அறையில் படத்தைப் பற்றி எவரும் பேசவில்லை. வந்திருந்த நான்கு பெண்களில் இருவர் எழுந்து போய்விட்டார்கள். அன்று என்னால் ஒழுங்காகப் பதில் சொல்ல முடியவில்லை. ஆகவே இங்கே எழுதுகிறேன்.

சிபெல் கெக்கில்லி 1980இல் ஹைல்புரோன் என்ற நகரில், துருக்கியிலிருந்து ஜேர்மனிக்குக் குடியேறிய பெற்றோருக்குப் பிறந்தவர். பள்ளிப் படிப்புக்குப் பின் அந்நகர நிர்வாகத்தில் பயிற்சி பெற்று வேலை செய்தார். பின்னர் வேறு பல வேலைகள் பார்த்தார். இருபதுகளின் தொடக்கத்தில் சிறிது காலம் வயது வந்தோருக்கான படங்களில் நடித்தார். கொலோன் நகரின் கடைத்தொகுதி ஒன்றில் நடிகர்களைத் தேடிக்கொண்டிருந்தவர்களின் கண்ணில் பட்டு, ஏறத்தாழ 350 பேர் கலந்துகொண்ட தேர்வில் தெரிவானார். அவருக்குக் கிடைத்த பாத்திரம், கட்டுக்காவல் மிகுந்த வீட்டிலிருந்து தப்புவதற்காக, முன்பின் அறியாத ஒரு குடிகாரனைப் பெயரளவில் திருமணம் செய்துகொள்ளும் துருக்கியப் பெண். அந்தப் பெண்ணின் வெறியையும் பசியையும் பின்னர் வரும் தனிமையையும் அவர் நடித்த விதத்தை ஞாயிறன்று பார்த்தவர்களுக்கு நான் விளக்கத் தேவையில்லை.

2004 பெப்ரவரியில் அந்தப் படம் பேர்லின் திரைப்பட விழாவில் அதன் உயரிய விருதான தங்கக் கரடியைப் பெற்றது. ஜேர்மனியப் படம் ஒன்று அவ்விருதைப் பெற்றுப் பதினெட்டு ஆண்டுகள் கழிந்திருந்தன. விருது கிடைத்த சில நாட்களிலேயே ‘பில்ட்’ என்ற நாளிதழ் அவருடைய பழைய படங்களைத் தேடியெடுத்து, அவற்றைப் பற்றித் தொடர் கட்டுரைகளை வெளியிட்டது. பெற்றோர் உறவை முறித்துக்கொண்டார்கள். அவ்வாண்டு நவம்பரில் பாம்பி என்ற ஜேர்மனிய ஊடக விருதின் மேடையில் ஏறியபோது, தன்னைத் துரத்துவதை நிறுத்தும்படி அவர் கண்ணீரோடு கேட்டார். ஜேர்மனியப் பத்திரிகைப் பேரவை அந்த நாளிதழைக் கண்டித்தது. அதே ஆண்டில் நாட்டின் உயரிய திரைப்பட விருதான லோலா, சிறந்த நடிகைக்காக அவருக்குக் கிடைத்தது. 2010இல் ‘டி ஃப்ரெம்டே’ படத்துக்காக இரண்டாவது முறையும் கிடைத்தது.

‘திருந்தினார்’ என்று சொல்லும்போது அதற்கு முன் ஒரு குற்றம் இருந்தது என்று நாம் தீர்ப்பெழுதிவிடுகிறோம். தேயிலைக் கொழுந்து பறித்தவர் ஆசிரியையானால் திருந்தினார் என்று எவரும் சொல்வதில்லை. கெக்கில்லி ஒரு வேலையை விட்டு இன்னொரு வேலைக்கு வந்தார், இரண்டாவது வேலையில் மிகப் பெரிய கலைஞரானார் என்பதுதான் நடந்தது. இதை நண்பர்கள் மறுத்தாலும் பரவாயில்லை, காரணத்தோடு எழுதுங்கள்.

லிந்துலை வாசகர்:

தம்பி, உங்கள் உழைப்பை மதிக்கிறேன். அந்தப் படத்தை நானும் பார்த்தேன், அந்த நடிகையின் திறமையில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அந்தத் தொழிலைக் கொழுந்து பறிப்பதோடு ஒரே தட்டில் வைத்ததை என்னால் ஏற்க முடியவில்லை. என் தாய் முப்பத்திரண்டு வருடம் கூடை சுமந்தார். மழையில் நனைந்தார், அட்டை கடித்தது, ஆனால் வீட்டுக்கு வந்து தலை நிமிர்ந்து உட்கார்ந்தார். மற்றத் தொழிலில் எத்தனையோ பெண்கள் ஏமாற்றப்பட்டும் மிரட்டப்பட்டும் தள்ளப்படுகிறார்கள். அதையும் ‘ஒரு வேலை’ என்று மென்மையாக எழுதிவிட்டால் அங்கே நடக்கும் கொடுமை மறைந்து போகாதா? எங்கள் லயத்துப் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளின்) பிள்ளைகள் பன்னிரண்டு வயதில் கையில் தொலைபேசியோடு என்ன பார்க்கிறார்கள் என்பது இங்குள்ள பெற்றோருக்குத் தெரியும். அந்த நடிகையைப் பழிக்க வேண்டாம் என்பதில் நான் உங்களோடு நிற்கிறேன். அந்தத் தொழிலைப் பழிக்க வேண்டாம் என்று சொன்னால் நிற்க மாட்டேன்.

ஊவா மகள் (பண்டாரவளை):

எழுந்து போன இரண்டு பெண்களில் நானும் ஒருத்தி. படத்தின் மீது கோபம் கொண்டு போகவில்லை. கேள்வி கேட்டவரும் அவருக்குப் பக்கத்தில் இருந்தவர்களும் அந்த நடிகையின் பழைய படத்தை அங்கேயே தேடத் தொடங்கியதைக் கண்டுதான் எழுந்தேன். ஒரு பெண் தன் முழு உயிரையும் கொடுத்து நடித்ததை இரண்டு மணி நேரம் பார்த்துவிட்டு, அடுத்த நிமிடமே அவள் எதை மறக்க விரும்புகிறாளோ அதைத் தேடும் கைகளுக்கு நடுவே என்னால் உட்கார்ந்திருக்க முடியவில்லை.

லிந்துலை அண்ணன் தொழிலின் கொடுமையைப் பற்றிச் சொன்னது சரி. அந்தக் கொடுமை எங்கே இருக்கிறது என்பதை நாம் நெருங்கிப் பார்க்க வேண்டும். அந்தப் படங்களில் நடிப்பவர்களுக்குப் பொதுவாக ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று ஒரே முறைதான் பணம் கொடுக்கப்படுகிறது. தோட்டத்தில் ஒரு நாள் கூலிக்கான பதிவை நாங்கள் ‘பேர்’ என்று சொல்வோமே, அதே கணக்குத்தான். அன்றைய பேர் விழுந்தால் அன்றோடு முடிந்தது. ஆனால் படம் அன்றோடு முடிவதில்லை. அது தயாரித்தவரின் சொத்து. நடித்தவர் பின்னாளில் வேறு துறையில் பெயர் பெற்றால், பழைய படத்துக்குப் புதிய அட்டை போட்டு மறுபடியும் விற்கலாம். அதில் நடித்தவருக்கு ஒரு சதமும் வராது, நிறுத்து என்று சொல்லும் உரிமையும் பெரும்பாலும் இருப்பதில்லை. பெயர் உயர உயரப் பழைய படத்தின் விலையும் உயரும். அதனால் இவர்களுடைய தொழில் மாற்றம், மற்ற எவருடைய தொழில் மாற்றத்தையும் போன்றதல்ல. விட்டு வந்த வேலை பின்னாலேயே வந்துகொண்டிருக்கிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். சைமன் ரெக்ஸ் என்ற அமெரிக்க நடிகர் 1990களின் தொடக்கத்தில், இளைஞராக இருந்தபோது, இப்படிப்பட்ட காணொளிகளில் தனியாக நடித்திருக்கிறார். பிறகு இசைத் தொலைக்காட்சியில் தொகுப்பாளரானார், நகைச்சுவைப் படங்களில் நடித்தார், பின்னர் வாய்ப்புகள் குறைந்து போயின. 2021இல் ஷோன் பேக்கர் என்ற சுயாதீன இயக்குநர் ‘ரெட் ராக்கெட்’ என்ற படத்தில், ஓய்ந்து போய்ச் சொந்த ஊருக்குத் திரும்பும் நீலப் பட நடிகன் பாத்திரத்தையே அவருக்குக் கொடுத்தார். படம் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போனது. 2022இல் சுயாதீனப் படங்களுக்கான இன்டிபென்டன்ட் ஸ்பிரிட் விருது விழாவில் சிறந்த நடிகருக்கான விருது ரெக்ஸுக்குக் கிடைத்தது. நான் வாசித்த கட்டுரைகள் எல்லாம் அவரது பழைய வாழ்க்கையை ஒரு சுவையான தகவலாக, மீண்டு வந்த கதையின் முதல் அத்தியாயமாகத்தான் எழுதியிருந்தன. குடும்பத்தின் மானத்தைப் பற்றிய பேச்சு அவற்றில் எங்கும் இல்லை. ஆணுக்கு அது அனுபவம், பெண்ணுக்கு அது கறை என்று உலகம் முழுவதும் எழுதி வைத்திருக்கிறார்கள். நாங்களும் அதையே பிரதி எடுக்கிறோம்.

கொட்டகலை ஆசிரியர்:

பிள்ளைகள் இருவரும் எழுதியதை இரண்டு முறை வாசித்தேன். திரைப்படத்தை ஓய்வு நேரங்களில் நீண்ட காலம் கற்பித்தவன் என்ற முறையில், சுயாதீன சினிமாவின் கதவு மட்டும் ஏன் இவர்களுக்குத் திறக்கிறது என்பதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல விரும்புகிறேன்.

பெரிய நிறுவனம் பெரும் பணத்தில் எடுக்கும் படத்துக்கு விளம்பரதாரர், தொலைக்காட்சி உரிமை, பல நாடுகளின் தணிக்கை என்று பல எசமானர்கள் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் முகம் சுளித்தாலும் நடிகர் மாற்றப்படுவார். சிறிய செலவில் எடுக்கப்படும் படத்துக்கு அந்தப் பயம் குறைவு. நட்சத்திரத்துக்குக் கொடுக்கப் பணமில்லாத இயக்குநர், கமராவுக்கு முன்னால் கூச்சமின்றி நிற்கக்கூடிய, மக்கள் முன்பு வேறெந்தப் பாத்திரத்திலும் கண்டிராத முகத்தைத் தேடுகிறார். இதில் கலைத் தேவை உண்டு என்பதை மறுக்க மாட்டேன். அதே நேரத்தில் விளம்பர ஆசையும் உண்டு என்பதை மறைக்கவும் கூடாது.

அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பேர்க், ‘தி கேர்ள்ஃபிரெண்ட் எக்ஸ்பீரியன்ஸ்’ என்ற படத்தை 2008 அக்டோபரில் நியூயோர்க்கில், நிதி நெருக்கடியும் ஜனாதிபதித் தேர்தலும் நடந்துகொண்டிருந்த நாட்களிலேயே, எண்முறைக் கமராவில் சில வாரங்களில் எடுத்தார். அதில் முதன்மைப் பாத்திரம் சாஷா கிரேக்குக் கிடைத்தது. 1988இல் பிறந்த அவர் 2006 முதல் நீலப் படங்களில் மிகப் பிரபலமாக இருந்தவர். அவர் நடித்த பாத்திரம் என்ன? பணம் பெற்றுக்கொண்டு செல்வந்தர்களுக்குத் துணையாகப் போகும் பெண். படத்தில் உடலைவிடப் பணத்தைப் பற்றிய பேச்சே அதிகம். கதாநாயகி தன்னையே ஒரு சிறு வியாபாரமாக நடத்துகிறாள், சந்தை சரியும்போது அவளும் கலங்குகிறாள். கிரேயின் நடிப்பில் ஒரு மூடிய தன்மை இருக்கிறது. வாடிக்கையாளருக்குக் காட்ட ஒரு முகம், தனக்கென ஒரு முகம். சிலர் அதை நடிப்புக் குறைவு என்றார்கள். எனக்கு அந்தப் பாத்திரத்துக்கு அதுவே உண்மையாகப் பட்டது. 2011இல் பழைய தொழிலை விட்டுவிட்டதாக அவர் அறிவித்தார். அதே ஆண்டின் பிற்பகுதியில் கலிபோர்னியாவின் கொம்ப்டன் நகரில் ஆரம்பப் பள்ளி ஒன்றுக்குப் போய், வாசிப்புத் திட்டத்தின் பகுதியாகச் சிறுவர்களுக்குக் கதைப் புத்தகம் வாசித்தபோது பெற்றோர் எதிர்த்தார்கள். புத்தகம் வாசித்ததில் எவரும் பிழை காணவில்லை. வாசித்தவரைத்தான் ஏற்க முடியவில்லை.

இங்கேதான் என் கவலை. முதல் வாய்ப்பை இவர்களுடைய பழைய நிழலுக்குப் பொருந்தும் பாத்திரமாகவே கொடுப்பது இயக்குநர்களின் பழக்கமாகிவிட்டது. கனடாவில் டேவிட் குரோனென்பேர்க் 1977இல் ‘ரேபிட்’ என்ற சிறு செலவுத் திகில் படத்தில் மரிலின் சேம்பர்ஸை நடிக்க வைத்தார். தனிமையான, பயமுறுத்தும், இரக்கம் வரவழைக்கும் நடிப்பு அது. அடுத்த நல்ல பாத்திரத்தை அவருக்கு எவரும் கொடுக்கவில்லை. அவர் பழைய தொழிலுக்கே திரும்ப நேர்ந்தது. ஒரு படத்துக்குத் திறந்த கதவு அந்தப் படத்தோடு மூடிக்கொண்டது. கெக்கில்லியின் கதை வேறாகப் போனதற்குக் காரணம், இரண்டாவது, மூன்றாவது, நான்காவது வாய்ப்புகள் வந்ததுதான். ‘டி ஃப்ரெம்டே’யில் கணவனின் வன்முறையிலிருந்து மகனைத் தூக்கிக்கொண்டு இஸ்தான்புல்லிலிருந்து பேர்லினுக்கு ஓடிவரும் தாய். உலகம் அறிந்த ‘கேம் ஒஃப் த்ரோன்ஸ்’ தொடரில் அவருக்குக் கிடைத்தது மீண்டும் விலைமகள் பாத்திரம். ஆனால் அதே காலத்தில், ஜேர்மனியக் குடும்பங்கள் ஞாயிறு இரவில் ஒன்றாக உட்கார்ந்து பார்க்கும் ‘டாட்டோர்ட்’ என்ற துப்பறியும் தொடரில், 2017 வரை அவர் பொலிஸ் அதிகாரியாக வந்தார். முன்பு தொடர் கட்டுரையாக அவரைக் கிழித்த அதே நாட்டின் வரவேற்பறைகளில் அவர் சட்டத்தின் பிரதிநிதியாக நின்றார். எனக்குத் தங்கக் கரடியைவிட அதுவே பெரிதாகத் தெரிகிறது.

எங்கள் தோட்டத்தில் மாசி மாதம் காமன் கூத்து நடக்கும்போது ரதி வேடம் கட்டிய ஒருவர் இருந்தார். விரதமிருந்து கட்டுவார்; காமன் எரிந்த பின் அவர் அழும் அழுகைக்கு, தொழிலாளர் கூடும் பிரட்டுக்களமே அழும். கூத்தை விட்டு இருபது வருடங்களுக்குப் பிறகும் அவரை ‘ரதி மாமா’ என்றே அழைத்தோம். அவர் அதைப் பெருமையாக ஏற்றுக்கொண்டார். ஒருவர் கட்டிய வேடம் அவரோடு ஒட்டிக்கொள்வது எங்களுக்குப் புதிதல்ல. எந்த வேடத்தின் பெயரால் ஒருவரை மரியாதையாக அழைக்கலாம், எந்த வேடத்தின் பெயரால் துரத்தலாம் என்பதை ஊர்தான் தீர்மானிக்கிறது.

பசறை இளைஞன்:

சேர், நம் தமிழ்ச் சினிமாவில் சில்க் ஸ்மிதாவுக்கும் இதுதானே நடந்தது? சன்னி லியோனியையும் இந்த வரிசையில் சேர்க்கலாமா?

கொட்டகலை ஆசிரியர்:

தம்பி, இருவரையும் ஒரே வரியில் எழுத வேண்டாம். சில்க் ஸ்மிதா தணிக்கை பெற்ற, குடும்பங்கள் திரையரங்குக்குப் போய்ப் பார்த்த படங்களில் ஆடியவர், நடித்தவர். 1980இல் ‘வண்டிச்சக்கர’த்தில் ஏற்ற பாத்திரத்தின் பெயரே அவருக்குப் பெயராகிவிட்டது. நீலப் படத்தோடு அவருக்கு எந்தத் தொடர்பும் இல்லாதபோதே கதவுகள் அவ்வளவு இறுக்கமாக இருந்தன என்பதற்கு மட்டும் அவரை நினைவுகூரலாம். 1996இல் அவர் இறந்துபோனார்.

சன்னி லியோனி நீலப் படங்களில் நடித்துவிட்டு 2012இல் இந்திப் படத்துக்கு வந்தார். 2016இல் ஒரு தொலைக்காட்சி நேர்காணலில், அவரது கடந்த காலத்தைப் பற்றியே திரும்பத் திரும்பக் கேட்டபோது, அவர் குரலை உயர்த்தாமல் பதில் சொன்ன விதத்தை இந்தியா முழுவதும் பார்த்தது. அவரோடு நடிக்க மகிழ்வேன் என்று ஆமிர் கான் வெளிப்படையாக எழுதினார். அதற்கு ஏழு ஆண்டுகள் கழித்து, 2023இல், இயக்குநர் அனுராக் காஷ்யப்பின் ‘கென்னடி’ படத்தின் நடிகையாக அவர் கான் விழாவுக்குப் போனார். இந்திப் படத்தில் நுழைந்து பதினொரு ஆண்டுகள் கடந்த பிறகே அப்படியொரு பாத்திரம் அவரிடம் வந்தது.

லிந்துலை வாசகர்:

பண்டாரவளைத் தங்கச்சி சொன்ன பணக் கணக்கு என்னை யோசிக்க வைத்தது. நான் தொழிலைப் பழித்தபோது, அந்தத் தொழிலின் வருமானம் எவர் கையில் தங்குகிறது என்பதைப் பார்க்கவில்லை. தோட்டத்தில் பிறந்தவனுக்கு அது முதலில் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் என் கருத்தின் ஒரு பகுதியை நான் விட மாட்டேன்: அந்தப் படங்கள் பிள்ளைகளின் கையில் கிடைப்பது தீமை. ‘திருந்தினார்’ என்ற சொல்லை இனி எழுத மாட்டேன். ‘தப்பி வந்தார்’ என்று எழுதலாமா?

ஊவா மகள் (பண்டாரவளை):

அண்ணன், தப்பி வந்தேன் என்று அவரே சொன்னால் எழுதலாம். சாஷா கிரே தான் விரும்பித் தேர்ந்ததாகவே சொல்லி வந்தவர். அவரிடம் போய் ‘நீ தப்பி வந்தாய்’ என்று நாம் சொல்ல முடியாது. ஒவ்வொருவரும் தம் வாழ்க்கைக்கு என்ன சொல்லை வைக்கிறார்களோ அதையே நாமும் வைப்போம். தெரியாவிட்டால் ‘முன்பு அந்தப் படங்களில் நடித்தார், பிறகு இந்தப் படத்தில் நடித்தார்’ என்று மட்டும் எழுதலாமே.

பனிமலை (ஹட்டன்):

நான் முதல் பதிவில் எழுதாமல் விட்ட ஒன்றை இப்போது எழுதுகிறேன். பிறரைக் கேள்வி கேட்டுவிட்டு இதை மறைத்தால் நியாயமாகாது.

சில ஆண்டுகளுக்கு முன் நாங்கள் பத்துப் பேர் பணம் போட்டு இருபது நிமிடக் குறும்படம் ஒன்று எடுத்தோம். தாய் வெளிநாட்டில் வீட்டு வேலைக்குப் போன பிறகு தம்பிமாரை வளர்க்கும் மூத்த மகளின் கதை. மலையகத்தில் குறும்படம் எடுத்தவர்களுக்குத் தெரியும், கமராவைவிட நடிகை கிடைப்பது கடினம். கொழும்பில் துணிக்கடையில் வேலை செய்துவிட்டு ஊருக்குத் திரும்பியிருந்த ஒரு பெண் நடிக்க முன்வந்தார். அடுப்படியில் மாவு பிசைந்துகொண்டே தாயின் தொலைபேசி அழைப்புக்குப் பதில் சொல்லும் ஒரு காட்சி இருக்கிறது. ஒரே எடுப்பில், ஒரு சொல் தடுமாறாமல் செய்தார். அழவில்லை, பிசையும் கை மட்டும் ஒரு கணம் நிற்கும். எங்களில் ஒருவருக்கும் அப்படி நடிக்கத் தெரியாது.

படம் முடிந்தபோது ஒரு செய்தி வந்தது. கொழும்பில் இருந்த காலத்தில் அவர் ஒரு பாடல் காணொளியில் நடித்திருந்தார். அதில் மழையில் நனையும் காட்சி இருந்தது. நீலப் படமல்ல, அதன் நிழல்கூட அல்ல. ஆனால் ஒரு வாரத்துக்குள் அந்தக் காணொளி தோட்டம் முழுவதும் தொலைபேசிக்குத் தொலைபேசி போனது. திரையிட மண்டபம் தரவிருந்தவர்கள், அந்தப் பெயர் சுவரொட்டியில் இருந்தால் தர முடியாது என்றார்கள். நாங்கள் கூடிப் பேசினோம். ஒருவரும் அவரைப் பழிக்கவில்லை, எல்லோரும் வருந்தினோம், வருந்திக்கொண்டே சுவரொட்டியிலிருந்தும் படத்தின் முடிவுப் பட்டியலிலிருந்தும் அவருடைய பெயரை நான் என் கையால் எடுத்தேன். திரையிடலுக்கு அவரை அழைக்கவில்லை. அவர் மறுபடியும் கொழும்புக்குப் போய்விட்டார், பிறகு எங்கும் நடிக்கவில்லை.

கெக்கில்லிக்குப் பெற்றோர் கதவடைத்தபோதும், அகினின் படத்தில் அவர் பெயர் அவர் பெயராகவே இருந்தது. துணைத்தலைப்பு எழுதிய அந்த மூன்று மாதமும் முடிவுப் பட்டியலுக்கு வரும்போதெல்லாம் இதுவே என் நினைவுக்கு வந்தது.

ஊவா மகள் (பண்டாரவளை):

பெயரை மறுபடியும் போடுவதற்கு முன் அவரிடம் கேளுங்கள். இப்போது அவர் அதை விரும்பாமலும் இருக்கலாம். உங்கள் மனம் ஆறுவதற்காக அவர் பெயரை மறுபடியும் தெருவுக்குக் கொண்டுவர வேண்டாம்.

கொட்டகலை ஆசிரியர்:

பிள்ளை சொல்வது சரி. தொலைபேசியில் கேளுங்கள் தம்பி, குறுஞ்செய்தியில் வேண்டாம்.

பனிமலை (ஹட்டன்):

நேற்று இரவு பேசினேன். முதலில் என் குரல் அவருக்கு அடையாளம் தெரியவில்லை. மன்னிப்புக் கேட்டேன், அவர் அதற்கு ஒன்றும் சொல்லவில்லை. பெயரைப் போடலாமா என்று கேட்டபோது, படத்தைப் பார்த்த பிறகு சொல்கிறேன் என்றார். எனக்கு அது விளங்கவில்லை. பார்க்கவில்லையா என்று கேட்டேன். எடுத்து முடித்த நாளிலிருந்து இன்றுவரை எவரும் தனக்கு ஒரு பிரதிகூட அனுப்பவில்லை என்றார். மாவு பிசையும் காட்சி படத்தில் இருக்கிறதா, வெட்டிவிட்டார்களா என்று கேட்டார். இருக்கிறது, முழுமையாக இருக்கிறது என்று சொன்னேன். இணைப்பாக அனுப்பினால் வேறெங்கும் போய்விடுமோ என்று அவர் தயங்கியதால், இன்று காலை ஹட்டன் தபாலகத்தில் ஒரு பென்டிரைவைப் பதிவுத் தபாலில் சேர்த்துவிட்டு வந்தேன்.